ஆலை இயங்கும்போதே கணக்குக் கேட்க வேண்டும்: அபாயகரக் கழிவு குறித்துச் செங்கல்பட்டு மாவட்ட மக்களுக்கு ஒரு வேண்டுகோள்

செங்கல்பட்டு, மறைமலை நகர், திருக்கழுக்குன்றம், கல்பாக்கம், மாமல்லபுரம் வட்டாரங்களில் வாழும் மக்கள் அனைவருக்கும், இவ்வட்டாரத்தின் நீரையும் மண்ணையும் காக்கும் நோக்குடன் கூடியுள்ள குடிமக்கள் குழு பணிவுடன் விடுக்கும் வேண்டுகோள் இது. ஒவ்வொரு ஊரும் தன் எல்லைக்குள் உள்ள ஆலைகளின் கழிவுக் கணக்கைக் கேட்டுப் பெற வேண்டும் என்பதும், அந்த ஆலைகள் இயங்கிக்கொண்டிருக்கும்போதே அதைக் கேட்டாக வேண்டும் என்பதும் இதன் சாரம்.

எளிதில் தீப்பற்றுவது, அரிப்பது, நஞ்சாவது, பிற பொருளுடன் சேர்ந்து வெடிப்பது போன்ற தன்மைகளால் உடலுக்கோ சுற்றுச்சூழலுக்கோ கேடு செய்யக்கூடிய கழிவைச் சட்டம் அபாயகரக் கழிவு என்கிறது. வண்டிகளுக்குப் பெயின்ட் அடிக்கும் கூடத்தில் சேரும் கசடு, முலாம் பூசும் பட்டறையின் அமிலக் கழிவு, எந்திரத்திலிருந்து வடித்த பழைய ஆயில், ரசாயனம் இருந்த காலி பேரல் ஆகியவை இதில் அடங்கும். 1984 போபால் பேரழிவுக்குப் பின் 1986இல் சுற்றுச்சூழல் பாதுகாப்புச் சட்டமும், அதன் கீழ் 1989இல் அபாயகரக் கழிவு விதிகளும் வந்தன. இன்று நடைமுறையில் இருப்பவை 2016ஆம் ஆண்டின் விதிகள். மருத்துவக் கழிவுக்கும், கல்பாக்கம் அணுமின் நிலையத்தில் உண்டாவது போன்ற கதிரியக்கக் கழிவுக்கும் தனித்தனி விதிகள் உள்ளன.

2016 விதிகளின்படி, இத்தகைய கழிவை உண்டாக்கும் ஆலை, மாநில மாசு கட்டுப்பாட்டு வாரியத்தின் அங்கீகாரம் பெற வேண்டும். பொதுவாக 90 நாளுக்கு மேல் கழிவைத் தேக்கி வைக்கக் கூடாது. கழிவு லாரி ஏறும்போது ஏழு படிகள் கொண்ட அனுப்புச் சீட்டு எழுத வேண்டும். வெள்ளைப் படி வாரியத்துக்குப் போகிறது, மஞ்சள் அனுப்பியவரிடமும் ஆரஞ்சு லாரிக்காரரிடமும் இளஞ்சிவப்பு பெற்றுக்கொண்டவரிடமும் தங்குகின்றன, நீலப் படி கழிவு உரிய இடம் சேர்ந்ததற்குச் சான்றாக அனுப்பிய ஆலைக்கே திரும்புகிறது. கும்மிடிப்பூண்டியில் உள்ளது போன்ற பொதுக் கழிவு நிலையத்துக்குப் புறப்பட்ட லாரி வழியில் ஓர் ஏரிக்கரையில் கழிவைக் கொட்டிவிட்டுப் போனால், அந்த நீலப் படி முறையாகத் திரும்பி வர வழியில்லை. ஆகவே யாரேனும் சீட்டைச் சரிபார்க்கும்வரைதான் சட்டத்துக்கு உயிர் உண்டு.

சரிபார்ப்பார் இல்லாதபோது நேர்வதைப் பாலாறே காட்டுகிறது. அந்த ஆறு வயலூர் அருகே கடலில் கலப்பதற்கு முன் கடந்து வரும் இராணிப்பேட்டையில், 1975இல் தொடங்கிய தமிழ்நாடு குரோமேட்ஸ் அண்டு கெமிக்கல்ஸ் ஆலை 1995இல் மூடப்பட்டபோது, சுமார் 2.27 லட்சம் டன் குரோமியக் கழிவு திறந்த வெளியில் குவிந்து கிடந்தது. அதிலுள்ள ஆறிணைதிறன் குரோமியம் புற்றுநோய் உண்டாக்கக்கூடியது. மழைநீரில் கரைந்து நிலத்தடிக்கு இறங்கக்கூடியது. பாலாற்றுப் படுகையின் தோல் ஆலைகள் குறித்த வழக்கில் 1996இல் உச்ச நீதிமன்றம், மாசுபடுத்தியவரே அதைச் சீர்செய்யும் செலவை ஏற்க வேண்டும் என்ற கோட்பாட்டை நாட்டின் சட்டத்தின் பகுதியாக ஏற்றது. ஆயினும், மூடிக் கிடக்கும் ஆலையிடமிருந்து செலவை வசூலிப்பது அரிது என்பதால் அக்குவியல் பல்லாண்டுகள் அங்கேயே கிடந்தது.

ஆலைகளின் கணக்கைச் சரிபார்க்கும் கடமை இன்று மேலும் கூடியுள்ளது. 1986 சட்டத்தை மீறுவோருக்கு ஐந்தாண்டு வரை விதிக்கப்பட்டுவந்த சிறைத்தண்டனை 2024 ஏப்ரல் முதல் நீக்கப்பட்டு, 10,000 ரூபாய் முதல் 15 லட்சம் ரூபாய் வரையிலான அபராதமாக மாறியுள்ளது. அபராதத்தைக் கட்டத் தவறினால் மட்டுமே சிறை. தண்டனையின் அச்சம் தணிந்துள்ள இடத்தை ஊராரின் கண்காணிப்பே நிரப்ப வேண்டும். அதற்கான கருவியை 2003 அக்டோபர் 14 அன்று உச்ச நீதிமன்றமே தந்துள்ளது: ஆலையில் கையாளப்படும் அபாயகர ரசாயனங்களின் தன்மையையும் அளவையும், வெளியேறும் புகை, கழிவுநீர், திடக்கழிவு ஆகியவற்றின் விவரத்தையும் முதன்மை வாயிலுக்கு வெளியே எல்லோரும் காணும்படி பலகையில் எழுதி வைக்க வேண்டும் என அன்று ஆணையிடப்பட்டது.

ஆகவே குழு முன்வைக்கும் வேண்டுகோள்கள் பின்வருமாறு:

முதலாவதாக, ஆலை வாயிலில் அப்பலகை இருக்கிறதா, அதிலுள்ள தேதி அண்மையதா என்பதை அந்தந்த ஊர் இளைஞர்கள் பார்த்து, இல்லையெனில் மாசு கட்டுப்பாட்டு வாரியத்தின் மாவட்டச் சுற்றுச்சூழல் பொறியாளருக்கு எழுத்தில் தெரிவிக்க வேண்டும்.

இரண்டாவதாக, அங்கீகாரம் பெற்ற ஆலைகளின் பட்டியலையும் ஆண்டறிக்கைகளையும் கோரிக் கிராம சபையில் தீர்மானம் நிறைவேற்ற வேண்டும். தேவையெனில் 2005 தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் மனுச் செய்ய வேண்டும்.

மூன்றாவதாக, படகு எஞ்சினில் ஆயில் மாற்றுகையில், வடிந்த கருப்பு ஆயிலைக் கரையிலேயே ஊற்றிக் காலால் மணலைத் தள்ளி மூடும் வழக்கத்தைக் கைவிட வேண்டும். மீனவர் கூட்டுறவுச் சங்கமும் உள்ளாட்சியும் சேர்ந்து, படகு ஏறும் இடத்தில் மூடியுள்ள பேரல் ஒன்றை வைத்து, அதில் சேரும் ஆயிலை அங்கீகாரம் பெற்றவரிடம் மட்டுமே ஒப்படைக்க வேண்டும். மெக்கானிக் கடைகளுக்கும் இதுவே பொருந்தும்.

நான்காவதாக, வீட்டில் தீர்ந்த பேட்டரி, டியூப்லைட், பெயின்ட் டப்பா, காலாவதியான மருந்து ஆகியவற்றைக் குப்பையோடு கலக்காமல் தனியே கொடுக்க வேண்டும். கலந்துவிட்டால் முதலில் காயப்படுவது தூய்மைப் பணியாளரின் கைகளே.

ஐந்தாவதாக, இரவில் டேங்கர் லாரி கழிவு கொட்டக் கண்டால், அக்கழிவைத் தொடாமல், இடம், நேரம், வண்டி எண் ஆகியவற்றைக் குறித்துக்கொண்டு காவல் நிலையத்துக்கும் வாரியத்துக்கும் உடனே தெரிவிக்க வேண்டும்.

இக்கோரிக்கை தொழிலுக்கு எதிரானதன்று. விதியை மதித்து நடக்கும் ஆலைக்குக் கணக்கைக் காட்டுவதில் இழப்பு ஏதுமில்லை. வேலை தரும் ஆலையும், குடிநீர் தரும் ஆறும், மீன் தரும் கடலும் ஒருங்கே நிலைக்க வேண்டுமெனில், வரும் கிராம சபைக் கூட்டத்திலேயே முதல் தீர்மானம் எழுதப்பட வேண்டும் எனக் குழு அனைவரையும் கேட்டுக்கொள்கிறது.