ஈயச் சிலையும் இராஜ பக்தியும்

1776ஆம் வருஷம் ஜூலை மாதம் 9ந் தேதி நியூயார்க் பட்டணத்தில் ஒரு சிலை கீழே தள்ளப்பட்டது. அது இங்கிலாந்து இராஜாவான மூன்றாம் ஜார்ஜ் குதிரைமேல் வீற்றிருப்பது போல் ஈயத்தால் வார்த்து, மேலே தங்கப் பூச்சுப் பூசி நிறுத்தப்பட்டிருந்த சிலையாகும். தள்ளியவர்கள் அந்நிய நாட்டார் அல்லர். அந்த இராஜாவின் பிரஜைகளே யாவார்கள். அதை வைத்தவர்களும் அவர்களேதான். 1766இல் நியூயார்க் சட்டசபையார் பொதுப் பணத்தை ஒதுக்கி, சீமைக்கு எழுதிச் சிலை செய்வித்து, 1770இல் அதை ஊர் நடுவே நிறுத்தினார்கள். ஆறு வருஷத்திற்குள் அதே ஊரார் கயிறு கட்டி இழுத்துத் தள்ளிவிட்டார்கள். அந்த ஈயத்தின் பெரும் பகுதி லிட்ச்ஃபீல்டு என்னும் ஊருக்கு வண்டியேற்றப்பட்டு, அங்கு பெண்களும் பிள்ளைகளுமாகச் சேர்ந்து அதை உருக்கி 42,088 துப்பாக்கிக் குண்டுகள் வார்த்ததாகக் கணக்கு இருக்கின்றது.

இந்த ஆறு வருஷத்தில் மாறியது என்ன? ஈயம் மாறவில்லை. இராஜாவும் மாறவில்லை, 1760இல் தமது 22வது வயதில் பட்டத்திற்கு வந்த அதே ஜார்ஜ்தான். மாறியது ஜனங்களுடைய மனம் ஒன்றேயாகும். அந்த மனம் எப்படி மாறிற்று என்பதை நம் வாசகர்கள் அறிய வேண்டுமென்பதே இதை எழுதுவதில் நமது நோக்கமாகும்.

பொதுவாக இந்தச் சரித்திரத்தை வரித் தகராறு என்று சொல்லி முடித்து விடுவார்கள். அதில் உண்மை இல்லாமலில்லை. பிரெஞ்சுக்காரரோடு நடந்து 1763இல் முடிந்த ஏழு வருஷ யுத்தத்தில் இங்கிலாந்து சர்க்காருக்குக் கடன் ஏறிவிட்டது. அக்கடனுக்கு அமெரிக்கக் குடியேற்றங்களிலிருந்தும் பணம் வசூலிக்க எண்ணி, 1765இல் முத்திரைத்தாள் சட்டம் செய்தார்கள். கோர்ட்டுப் பத்திரம், செய்திப் பத்திரிகை, லைசென்சு, சீட்டாடும் சீட்டுக்கூட முத்திரையில்லாமல் இருக்கக் கூடாதென்றார்கள். எங்கள் பிரதிநிதி ஒருவரும் இல்லாத பார்லிமெண்டு எங்களுக்கு வரி போடுவதாவது என்று அமெரிக்கர் எதிர்த்தார்கள். 1766இல் அச்சட்டம் ரத்தாயிற்று. அந்தச் சந்தோஷத்தில்தான் சிலை வைக்கத் தீர்மானம் செய்தார்கள்! ஆனால் ரத்துச் செய்த கையோடேயே, எந்த விஷயத்திலும் அமெரிக்கரைக் கட்டுப்படுத்தும் அதிகாரம் தனக்கு உண்டு என்று பார்லிமெண்டு வேறொரு சட்டமும் செய்துகொண்டது. 1767இல் கண்ணாடி, ஈயம், வர்ணம், காகிதம், தேயிலை ஆகியவற்றின் மேல் மறுபடியும் வரி வந்தது. 1770 மார்ச்சு 5ந் தேதி பாஸ்டன் நகரத் தெருவில் பட்டாளத்தார் சுட்டு ஐந்து பேர் மாண்டார்கள். அவர்களில் முதலில் விழுந்தவராகச் சொல்லப்படும் கிறிஸ்பஸ் அட்டக்ஸ் என்பவர் நீக்ரோ இரத்தமும் பூர்வகுடி இரத்தமும் கலந்தவர்.

தேயிலை விஷயத்தில் நம் நாட்டுக்கும் ஒரு சம்பந்தம் உண்டு. பாஸ்டனுக்கு வந்த தேயிலை கிழக்கிந்தியக் கம்பெனியாருடையது. அக்கம்பெனியார் வங்காளத்தில் 1770ஆம் வருஷப் பஞ்சத்தில் ஜனங்கள் இலட்சக்கணக்காய்ச் செத்துக் கொண்டிருந்தபோதும் வரி வசூலைத் தளர்த்தாதவர்கள். அப்படியிருந்தும் அவர்கள் கடனில் மூழ்கினார்கள். அவர்களைக் கைதூக்கிவிட 1773இல் பார்லிமெண்டு, அவர்களது தேங்கிய தேயிலையை அமெரிக்கர் தலையில் கட்டுவதற்கு ஒரு சட்டமும், இந்தியாவில் அவர்கள் நிர்வாகத்தை ஒழுங்குபடுத்த ஒரு சட்டமும் செய்தது. அவ்வருஷம் டிசம்பர் 16ந் தேதி இரவு பாஸ்டன் துறைமுகத்தில் 342 பெட்டித் தேயிலை கடலில் கொட்டப்பட்டது.

நிற்க, நாம் முக்கியமாய்க் கவனிக்க வேண்டியது இனிமேல்தான் இருக்கின்றது. இவ்வளவு நடந்தும் அமெரிக்கர் இராஜாவை ஒரு வார்த்தை சொல்லவில்லை. பார்லிமெண்டு கெட்டது, மந்திரிகள் கெட்டவர்கள், இராஜா மாத்திரம் நல்லவர், அவர் காதுக்கு விஷயம் எட்டவில்லை என்றே சொல்லிக் கொண்டிருந்தார்கள். 1775 ஏப்ரலில் லெக்ஸிங்டனில் துப்பாக்கிச் சண்டை மூண்ட பிறகும், தங்களைச் சுடுகிற பட்டாளத்தை இராஜாவின் பட்டாளம் என்று சொல்ல மனம் வராமல் "மந்திரிகளின் பட்டாளம்" என்றே அழைத்தார்கள். அவ்வருஷம் ஜூலையில் அவர்களுடைய காங்கிரஸ் சபையார் இராஜாவுக்கு மிகுந்த பணிவோடு ஒரு விண்ணப்பமும் அனுப்பினார்கள். நம்மவர்கள் சாமி நல்லவர், பூசாரிதான் கெட்டவன் என்று சொல்லுவதற்கும் இதற்கும் என்ன வித்தியாசம் என்று கேட்கின்றோம். பூசாரியை எவ்வளவு வைதாலும் சாமிக்கு நஷ்டமில்லை. சாமி இருக்கும் வரையில் பூசாரிக்கும் நஷ்டமில்லை.

இராஜா அவ்விண்ணப்பத்தை வாங்கிக் கொள்ளவே மறுத்தார். ஆகஸ்டு 23ந் தேதி அவர்கள் கலகக்காரர்கள் என்று விளம்பரம் செய்தார். பிறகு ஜெர்மானியச் சிற்றரசர்களுக்குப் பணம் கொடுத்துக் கூலிப் பட்டாளம் பிடித்து அனுப்பினார். யுத்தம் முடிவதற்குள் அப்படி வந்தவர்கள் சுமார் 30,000 பேர்.

இந்தச் சமயத்தில்தான் தாமஸ் பெயின் என்பவர் 1776 ஜனவரியில் 'பொது அறிவு' என்ற பொருளுள்ள பெயரால் ஒரு சிறு புத்தகம் வெளியிட்டார். அவர் பெரிய குலத்தவரோ பட்டதாரியோ அல்ல. பெண்கள் உடுப்புக்கான கச்சுத் தைத்துப் பிழைத்தவர்; சுங்க உத்தியோகம் பார்த்துத் தள்ளப்பட்டவர்; அமெரிக்காவுக்கு வந்தே சுமார் ஒரு வருஷம்தான் ஆகியிருந்தது. அவர் மந்திரிகளை விட்டுவிட்டு நேரே சிம்மாசனத்தைக் கேள்வி கேட்டார். மனிதரில் ஒரு குடும்பத்தார் மாத்திரம் ஆளவும் மற்றவரெல்லாம் ஆளப்படவும் பிறந்தார்கள் என்பதற்கு என்ன ஆதாரம்? முதல் இராஜாவை ஜனங்களே தேர்ந்தெடுத்தார்கள் என்று வைத்துக் கொண்டாலும், அவருடைய பேரனுக்கும் பேரன் மகனுக்கும் நம் பேரப் பிள்ளைகளை அடிமைப்படுத்த நம் பாட்டன்மாருக்கு அதிகாரம் ஏது? இவைதான் அவர் கேள்விகளின் சாரம். ஆறு மாதத்தில் சுதந்திரப் பிரகடனம் வந்தது. அதில் குற்றங்களெல்லாம் இராஜாவின் பேரிலேயே அடுக்கப்பட்டன. அது நியூயார்க்கில் படிக்கப்பட்ட அன்றே சிலை விழுந்தது.

மூன்றாம் ஜார்ஜ் கொடுங்கோலர் அல்லர், உழைப்பாளி, ஒழுக்கமுள்ள குடும்பஸ்தர், வரிச் சட்டங்களைச் செய்தது பார்லிமெண்டுதான் என்று சிலர் சொல்லுவார்கள். இதை நாம் மறுக்கவில்லை. அப்படியானால் நமது கட்சி இன்னும் பலப்படுகின்றதே யொழிய வேறில்லை. இராஜா நல்லவரா கெட்டவரா என்பதல்ல கேள்வி. பிறந்த ஒரே காரணத்தால் ஒருவர் கோடிக்கணக்கான பேருக்கு மேலானவர் என்பது சரியா என்பதே கேள்வி. அதே ஜார்ஜ் 1788இல் சித்தம் கலங்கினார். 1811 முதல் சாகும் வரையில், அதாவது 1820 வரையில், அவர் பேருக்கே இராஜாவாக இருந்தார். சித்தம் கலங்கிய ஒரு தையற்காரனிடம் யாராவது துணி கொடுப்பார்களா? நாட்டைக் கொடுத்து வைத்திருந்தார்கள்!

அன்றியும், இந்தப் பெருமை எதன்மேல் நிற்கின்றது? இங்கிலாந்து இராஜாக்கள் கையால் தொட்டால் கண்டமாலை நோய் தீரும் என்று அந்நாட்டார் வெகுகாலம் நம்பினார்கள். 18ஆம் நூற்றாண்டின் ஆரம்பத்தில் ஆன் இராணி வரையில் தொட்டுக் கொண்டுதான் இருந்தார்கள். ஒரு சாண் நிலமும் இல்லாத காலத்திலும் பிரான்சு தேசத்துக்கு இராஜா என்ற பட்டத்தை 1801 வரையில் விடாமல் வைத்திருந்தார்கள். 2023இல் மூன்றாம் சார்லசுக்கு முடிசூட்டிய போதும், ஜெருசலேமில் மந்திரித்து வந்த எண்ணெயைத் திரை மறைவில் பாதிரியார் தடவித்தான் ஆக வேண்டியிருந்தது. எண்ணெய் தடவுவதால் மனிதன் இராஜாவானால், கருங்கல் கடவுளாவதைப் பற்றி அந்நாட்டார் நம்மைப் பார்த்துச் சிரிப்பதற்கு இடமில்லை.

சரி, இராஜாவைத் தள்ளிய அமெரிக்கர்கள் மனிதத் தன்மையை முழுவதும் அடைந்து விட்டார்களா? இல்லை என்றே சொல்லுவோம். எல்லா மனிதரும் சமமாகவே படைக்கப்பட்டவர்கள் என்று பிரகடனத்தில் எழுதிய ஜெபர்சன், தம் ஆயுளில் 600 பேருக்கு மேல் அடிமைகளாக வைத்திருந்தவர். அடிமை வியாபாரத்தைக் கண்டித்து அவர் எழுதிய பகுதியைக் கூட, தெற்கத்தி மிராசுதார்களுக்காகக் காங்கிரஸ் சபையார் வெட்டி விட்டார்கள். அன்று சுமார் 25 இலட்சம் ஜனங்களில் 5 இலட்சம் பேர் அடிமைகள். 1775இல் வர்ஜீனியாவின் கவர்னர் டன்மோர், கலகக்காரரிடமிருந்து ஓடி வந்து இராஜாவின் படையில் சேரும் அடிமைகளுக்கு விடுதலை என்று விளம்பரம் செய்ததும், பலர் உயிருக்குத் துணிந்து ஓடினார்கள். அது இராஜாவுக்கு நீக்ரோக்கள் மேல் இருந்த அன்பினால் அல்ல. எதிரியின் ஆளைக் குறைப்பதற்காகவேயாகும். ஆனாலும் வீட்டு எஜமானனின் சவுக்கில் அடிபடுகிறவனுக்கு, கடல் தாண்டி இருக்கும் இராஜாவின் வரி எம்மாத்திரம்? அங்கு அடிமைத்தனம் சட்டப்படி ஒழிந்தது 1865இல். ஆண் பெண் பேதத்தால் ஓட்டு மறுக்கக் கூடாதென்று ஏற்பட்டது 1920இல்.

தாமஸ் பெயின் கதியும் இதையே காட்டுகின்றது. இராஜாவைக் கேள்வி கேட்டபோது அவரைத் தலைமேல் வைத்துக் கூத்தாடினவர்கள், 1794இல் 'பகுத்தறிவின் காலம்' என்னும் புத்தகத்தில் வேதத்தைக் கேள்வி கேட்டதும் அவரை நாஸ்திகன் என்று ஒதுக்கினார்கள். 1809இல் அவர் நியூயார்க்கில் இறந்தபோது பிரேதத்தோடு போனவர்கள் விரல்விட்டு எண்ணக் கூடியவர்களே.

இன்னொரு வேடிக்கையும் உண்டு. 1781இல் யார்க்டவுனில் தோற்றுச் சரணடைந்த கார்ன்வாலிஸ் பிரபுவுக்கு அதனால் பதவி போய்விடவில்லை. 1786இல் அவரையே நம் தலைமேல் கவர்னர் ஜெனரலாக அனுப்பினார்கள். 1793இல் வங்காளத்தில் நிரந்தர ஜமீன்தாரி முறையை ஏற்படுத்தியவரும் அவரே. ஓரிடத்தில் பிறவி ஆதிக்கத்தைக் காக்க முடியாமல் போனவர், வேறோரிடத்தில் பரம்பரைச் சீமான்களை உண்டாக்கி வைத்தார்.

ஆகவே தோழர்களே, சிலையைத் தள்ளுவதற்குக் கயிறும் பத்துப் பேரும் போதும். பிறவியினால் ஒருவன் மேல், ஒருவன் கீழ் என்ற எண்ணத்தைத் தள்ளுவதற்கு அவரவர் புத்தியே வேண்டும். அந்த எண்ணம் சிம்மாசனத்தில் இருந்தாலும், வேதத்தில் இருந்தாலும், தோல் நிறத்தில் இருந்தாலும், ஜாதியில் இருந்தாலும், புருஷன் என்ற பட்டத்தில் இருந்தாலும் ஒன்றேயாகும். அமெரிக்கர் ஒன்றை 1776இல் தள்ளினார்கள், மற்றவற்றைத் தள்ள நூறு வருஷமும் அதற்கு மேலும் பிடித்தது, இன்னும் மிச்சமிருக்கின்றது. மேலே இருப்பவனைத் தள்ள ஆசைப்படுகிறவன், தனக்குக் கீழே ஒருவனை வைத்திருக்கின்றானா என்று முதலில் தன் வீட்டிற்குள் பார்த்துக் கொள்ள வேண்டுமென்பதே நமது அபிப்பிராயம்.