கடலை விரட்டும் மழு

அருமனையில் நின்றால் கடல் கண்ணில் படாது. ரப்பர் தோட்டங்களும் பாறைக் குன்றுகளும்தான். ஆனாலும் விளவங்கோடு பக்கத்தில் பரசுராமர் கதையைக் கேட்காமல் வளர்ந்தவர்கள் குறைவு. கோகர்ணத்திலிருந்து கன்னியாகுமரி வரை மழுவை வீசினார், கடல் பின்வாங்கியது, கிடைத்த நிலத்தைப் பிராமணர்களுக்குத் தானம் செய்தார். 1956 நவம்பர் 1 அன்று கன்னியாகுமரி மாவட்டம் தமிழ்நாட்டோடு சேர்ந்த பிறகும் கதை எல்லை தாண்டிப் போய்விடவில்லை. நாட்டார் வழக்காறுகளைப் படிக்கிறவன் என்ற முறையில் இதை நான் ஒரு மூலப்பத்திரமாகவே வாசிக்கிறேன். கேரளத்தின் தோற்றக் கதை சொல்லும் ‘கேரளோற்பத்தி’யில் மழு எறிந்த செய்தி சட்டென முடிந்துவிடும், 64 கிராமங்களின் ஏற்பாடுதான் நீளும். கடலே ஒதுங்கித் தந்த மண்ணில் முன்பே குடியிருந்தவர் என்று யார் வந்து கேட்க முடியும்? நிலவுடைமையாளரான ஜென்மிகளின் உரிமைக்கு இதைவிட வசதியான ஆதாரம் கிடைக்காது. 1896-இல் திருவிதாங்கூர் அரசு ஜென்மி–குடியான் சட்டம் இயற்றிய காலத்திலும் அந்த உரிமையின் செல்வாக்கு குறைந்திருக்கவில்லை.

கடல் உண்மையிலேயே பின்வாங்கிய நினைவு இக்கதையில் உறைந்திருக்கலாம் என்பார்கள். மறுப்பதற்கில்லை. மேற்குக் கரையின் தாழ்நிலங்களில் பழைய கடற்சிப்பிப் படிவுகள் உண்டு. ஆனால் அருமனைப் பக்கத்துப் பாறைகள் 50 கோடி ஆண்டுகளுக்கும் மூத்தவை. அருகிலுள்ள சிதறால் மலையில் 9-ஆம் நூற்றாண்டிலேயே சமணர்கள் இருந்தார்கள். கடற்கரை மணல்மேட்டுக்குப் பொருந்தும் நினைவை மலையடிவாரம் வரை இழுத்துக்கொண்டு போனது நில உரிமைதான் என்று கருதுகிறேன்.

இதே குமரி முனையின் இன்னொரு பக்கத்தில் கதை தலைகீழாக இருக்கிறது. பாண்டியன் கடல்மீது வேல் எறிந்தான். அந்தப் பகைக்குப் பழிவாங்கக் கடல் பஃறுளியாற்றையும் குமரிக்கோட்டையும் விழுங்கியது என்பது சிலப்பதிகாரம் தரும் செய்தி. பரஞ்சோதி முனிவரின் திருவிளையாடலிலோ உக்கிரபாண்டியன் விட்ட வேலுக்குக் கடல் வற்றிப்போகிறது. ஒரே வேல், இரண்டு முடிவுகள். எனக்கு இளங்கோவின் கணக்குதான் நம்பத்தக்கதாகப் படுகிறது.

கடலில் போகிறவர்களின் நம்பிக்கை வேறு மாதிரி. பட்டினப்பாலையில் பரதவர் சுறாவின் கொம்பை மணலில் நட்டு வழிபடுகிறார்கள். கடலுக்கு ஆணையிடும் வீரன் எவனும் அங்கே இல்லை. மணிமேகலா தெய்வம் கப்பல் கவிழ்ந்தவரைக் கரைசேர்க்கிறது. இந்திர விழா நின்றுபோனதற்காகக் காவிரிப்பூம்பட்டினத்தைக் கடல்கொள்ளச் செய்ததும் அதே தெய்வம்தான் என்பதையும் சொல்ல வேண்டும். அது வணிகரின் தெய்வம். கடலை நம்பிப் பணம் போட்டவர்களுக்கு அப்படித்தான் தோன்றியிருக்கும். (தாய்லாந்து வரை போன அந்தப் பெயரை இன்று பசிபிக் புயல்களுக்கு வைக்கும் பட்டியலில் ‘மேக்கலா’ என்று காணலாம்.)

பழங்கதையோடு இது முடிந்திருந்தால் இதை எழுத வேண்டியதில்லை. மழு இப்போது வேறு கைக்கு மாறியிருக்கிறது. குமரி மாவட்டத்து மலைகளை உடைத்த பாறைகள் லாரி லாரியாகக் களியக்காவிளை தாண்டி விழிஞ்ஞம் துறைமுகத்துக்குப் போயின. அங்கே சுமார் 3 கிலோமீட்டர் அலைத்தடுப்பு எழுந்தது. நம் கரையில் கடலரிப்பைத் தடுக்கக் கடலுக்குள் கல் அடுக்கிப் போடும் தூண்டில் வளைவுகளுக்கும் அதே மலைக் கல்தான். மேற்குப் பக்கத்து மலைக்கிராமத்துக்காரர் வெடிச்சத்தத்தையும் தூசியையும் பற்றிப் புகார் சொல்கிறார். தேங்காய்ப்பட்டணத்துக்காரர் துறைமுக முகத்துவாரத்தில் மணல் மேடிட்டுப் படகுகள் கவிழ்ந்து உயிர்கள் போவதைப் பற்றிப் புகார் சொல்கிறார். இரண்டும் ஒரே புகார் என்பதை அதிகாரிகளின் கோப்புகள் காட்டாது.

தூண்டில் வளைவு வேண்டும் என்று கேட்டுச் சாலையில் உட்கார்ந்தவர்கள் மீனவர்களேதான் என்று ஒரு பொறியாளர் எனக்கு நினைவூட்டக்கூடும். சரிதான். அலை வீட்டுத் திண்ணைக்கு வந்தபின் வேறு எதைக் கேட்பார்கள்? ஆனால் கல் போட்ட இடத்தில் ஒரு பக்கம் மணல் சேர, மறுபக்கம் அரிக்கிறது. அடுத்த ஊர்க்காரர் தனக்கும் கல் கேட்கிறார். மலை மீண்டும் உடைகிறது.

2017 நவம்பர் 30 அன்று ஒக்கி புயல் வந்தபோது தூத்தூர் பக்கத்து ஆழ்கடல் படகுகள் பல நாட்களாகக் கடலில்தான் இருந்தன. எச்சரிக்கை கரையில் ஒலித்தது. அவ்வளவு தூரத்துக்கு அதைக் கொண்டுசெல்லக் கருவி இல்லை. செயற்கைக்கோள்வழி எச்சரிக்கை பெறும் ‘ஜெமினி’ கருவியை 2019-இல்தான் அறிமுகப்படுத்தினார்கள். கடலை நிறுத்தும் வேலைக்குக் கல் உடனே கிடைத்துவிடுகிறது, கடலில் இருப்பவனிடம் பேசும் வேலைக்குத்தான் அவ்வளவு தாமதம். இனி ஒரு வளைவுக்கு ஒப்பந்தம் விடுமுன், தென்மேற்குப் பருவத்தில் மணல் எந்தப் பக்கம் ஓடும், ஆடியில் எங்கே மேடிடும் என்று அந்தந்தத் துறையின் மீனவர்களைக் கேட்டு, அதை மதிப்பீட்டு அறிக்கையில் எழுதிச் சேர்க்க வேண்டும். கல் எந்த மலையிலிருந்து வரும் என்பதும் அதே அறிக்கையில் இருக்கட்டும். அருமனையில் இருப்பவரும் அதைப் படித்துப் பார்க்கலாம்.

– கட்டுரையாளர், நாட்டார் வழக்காற்றியல் ஆய்வாளர்