வேகம் பிறக்கும் இடம்

தெற்கு ஆஸ்திரேலியாவின் கபுண்டா என்ற சிற்றூரிலிருந்து வந்த டார்சி பிரவுன், 2021 மார்ச்சில் 18 வயதில் ஆஸ்திரேலிய அணிக்காகப் பந்து வீசினார். 2024இல் பேர்த் டெஸ்டில் தென்னாபிரிக்காவின் 5 விக்கெட்டுகளை 21 ஓட்டங்களுக்குச் சாய்த்தார். அவரது திறமையைத் தேசிய அணிவரை கொண்டுசென்றவை, மாநில அணி, 2015இல் தொடங்கிய மகளிர் பிக் பாஷ் தொடர் என்று அங்கே அடுத்தடுத்துத் திறந்திருந்த வாய்ப்புகள்தாம். இலங்கை மலையகத்தின் லிந்துலைத் தேயிலைத் தோட்டத்துச் சிறுமிக்குக் குறைவது திறமையல்ல, அந்த வாய்ப்புகளே. மலையக வம்சாவளியினரான சுழற்பந்து வீச்சாளர் முரளிதரன் 800 டெஸ்ட் விக்கெட்டுகளை எட்டினார். அவருக்குக் கண்டி புனித அந்தோனியார் கல்லூரியின் மைதானமும் பயிற்சியும் கிடைத்திருந்தன. மலைச்சரிவில் மைதானத்துக்கு எங்கே போவது என்று கேட்பார்கள். வேகப்பந்துப் பயிற்சியைத் தொடங்க 22 யார் ஆடுகளமும், ஓடிவரச் சமதரையும், ஒரு வலையும் போதும். போசாக்குக் குறைந்த பிள்ளைகளால் இது முடியுமா என்றும் கேட்பார்கள். அந்தக் குறை உண்மையானது. ஆனால் அது சத்துணவு கொடுப்பதற்கான காரணமே தவிர, விளையாட்டை மறுப்பதற்கானது அல்ல. 2024 ஜூலையில் தம்புள்ளையில் இந்தியாவை வென்று இலங்கை மகளிர் ஆசியக் கிண்ணத்தை ஏந்தினார்கள். அந்த வெற்றியின் பலன் தோட்டப் பாடசாலைகளுக்கும் வந்துசேர வேண்டும். பெண்பிள்ளைகளுக்கான கடினப்பந்து அணியும், ஒரு பயிற்றுநரும், பாதுகாப்பாக வீடு திரும்ப வாகனமும் கொடுப்பது கிரிக்கெட் சபையின், கல்வி அமைச்சின் கடமை.