பாவைக்கூத்தும் படக்காட்சியும்

வெண்டிரை ஒன்று, அதன் பின்னே ஒரு விளக்கு, இரண்டிற்கும் இடையே ஆட்டுத்தோலிற் செதுக்கி வண்ணந் தீட்டிய பாவைகள். இவ்வளவே கொண்டு இராமகாதையைப் பல இரவுகள் நடத்திக் காட்டுவது நம் நாட்டுத் தோற்பாவைக் கூத்து. இராமனாகவும் இராவணனாகவும், சீதையாகவும் சூர்ப்பணகையாகவும் குரல் மாற்றிப் பேசுவோன் ஒருவனே. பாவைகளை ஆட்டுவோனும் அவனே. மனையாளும் மக்களும் அருகிருந்து இசையால் துணைசெய்வர். தமிழ்நாட்டில் இக்கலையைப் போற்றி வருவோர், மராட்டிய நாட்டினின்று வந்து குடியேறிய மண்டிகர் மரபினர். இல்லத்தில் மராட்டியும் திரைக்குப் பின்னே தமிழும் பேசுவோர்.

இக்கூத்தைக் காணக் குழுமிய மக்களைக் கவர்ந்து சென்றது யாது? 1931-இல் 'காளிதாஸ்' வெளிவந்தபின், பேசும் படம் ஊர்தோறும் புகுந்தது. பின்னர்த் தொலைக்காட்சி வீடுதோறும் புகுந்தது. திரைப்படமும் வெண்டிரையில் ஆடும் நிழலே அன்றோ? ஆகவே, தன்னால் நலிந்த கலையைக் காத்தல் அதன் கடனாகும் என்பது என் கருத்து. அக்கடனை அடைத்தற்குரிய வழி ஆவணப்படம்.

கதையை ஏட்டில் எழுதிவைத்தாற் போதாதோ எனின், போதாது. உச்சிக்குடும்பனும் உளுவத்தலையனும் தோன்றி நகையாடும் பகுதியை நோக்குக. அவர்தம் பேச்சு ஊருக்கு ஊர் மாறும். அவையினரைக் கண்டு அவ்விடத்தே பிறக்கும். ஏடு அதன் சொல்லைத் தரலாம். குரலையும், விரலசைவையும், கேட்டோர் சிரிப்பையும் தருமோ?

எனினும், படமும் பொய் கூறும். 1922-இல் பிளாகர்ட்டி என்பார் வெளியிட்ட 'நானூக்' என்னும் புகழ்பெற்ற படத்தில், துப்பாக்கியால் வேட்டையாடப் பழகியிருந்த வடபனி நாட்டு மக்களைப் பழைய எறியீட்டியால் வேட்டையாடச் செய்தனர். உள்ளே ஒளி வேண்டிப் பனிவீட்டைப் பாதி திறந்த வண்ணம் கட்டுவித்தனர். இப்பிழை நம்மிடையேயும் நேரலாம். கூத்தர் மின்விளக்கு ஏற்றுவாராயின், அழகு கருதி அவரை எண்ணெய் விளக்கு ஏற்றச் சொல்லுதல் தகாது. காண வந்தோர் பதின்மராயின், பதின்மரையே காட்டுக. ஓரிரவுக் கூத்தை அரைநாழிகையாகச் சுருக்கிப் புதுமை காட்டுவதினும், முழுவதையும் உள்ளவாறே பதிந்து வைத்தல் நன்று. அழகுபடுத்திய பொய் கலையைக் காப்பதன்று. அதன் வறுமையை மறைப்பதே.

மற்றொன்றும் கூறுவேன். படமெடுப்போர் பெயரும் பரிசும் பெறக் கூத்தர் வெறுங்கையராய் நிற்றல் முறையன்று. உரிய ஊதியம் அவர்க்கு வழங்குக. படத்தின் படி ஒன்றும் அவர் இல்லத்தில் இருக்கட்டும். அவர்தம் பேரன் பாட்டனின் கைத்திறத்தை அதிற் கண்டு கற்பானாயின், அதுவே உண்மையான காப்பு.

தோழர்களே! முன்னாளிற் பெரும்பொருள் வேண்டிய படக்கருவி இன்று நம் கைப்பேசிக்குள்ளேயே உள்ளது. விடுமுறையில் ஊர் செல்லுங்கால், நம் ஊர்க் கூத்தர் ஒருவரைக் கண்டு, அவர் இசைவு பெற்று, ஓரிரவேனும் திரைக்கு இருபுறமும் இருந்து பதிவோமாக. விளக்கு இன்னும் அணைந்துவிடவில்லை.