கறையான் தின்ற பொற்காலம்

போன மாசம் நெல்லிக்குப்பத்தில் ஒரு கல்யாண மண்டபம். பக்கத்துக் கோயில் கும்பாபிஷேகத்தை ஒட்டி சொற்பொழிவு. பேச்சாளர் நல்ல குரல்வளம் உள்ளவர். ‘அந்தக் காலத்தில் நம் முன்னோர்கள் காலத்தையே கட்டிப்போட்டு வைத்திருந்தார்கள். ஓலையில் எழுதினார்கள், ஆயிரம் வருஷம் அப்படியே இருந்தது. உங்கள் செல்போனில் போன வருஷம் எடுத்த போட்டோ இருக்கிறதா?’ என்றார். ஒரே கைதட்டல். உதாரணத்துக்கு அவர் எடுத்துக்கொண்டது, சிதம்பரத்தில் தேவாரம் கிடைத்த கதை.

அங்கேதான் எனக்குப் பொறுக்கவில்லை.

கதை தெரிந்ததுதான். தேவார ஏடுகள் சிதம்பரம் கோயிலில் ஓர் அறையில் பூட்டிக் கிடக்கின்றன. ராஜராஜ சோழன் வந்து கேட்கிறான். பாடிய மூவரும் நேரில் வந்தால்தான் திறப்போம் என்கிறார்கள் தீட்சிதர்கள். மூவர் சிலைகளையும் ஊர்வலமாகக் கொண்டுவந்து நிறுத்துகிறான் ராஜா. கதவு திறக்கிறது. உள்ளே புற்று! எண்ணெய் ஊற்றிக் கரைத்துப் பார்த்தால் பெரும்பகுதி போயே போச்சு.

சார், இது காப்பாற்றிய கதையா, கோட்டைவிட்ட கதையா? சம்பந்தர் பாடியது 16,000 பதிகம் என்பது மரபு. கைக்கு வந்தது 383. மூவருக்கும் சேர்த்து 796. மிச்சமெல்லாம் கறையானுக்கு. இந்தக் காலத்துக்கு வேண்டியதை மட்டும் வைத்தோம் என்று அசரீரி சொன்னதாம். கறையானுக்கே சப்பைக்கட்டு கட்டிய அசரீரி!

இதில் இன்னொரு சங்கதி. இந்தக் கதையைச் சொல்லும் திருமுறை கண்ட புராணம், உமாபதி சிவம் எழுதியதாகச் சொல்லப்படுவது. அவர் 14-ம் நூற்றாண்டு. ராஜராஜன் ஆண்டது 985 முதல் 1014 வரை. நடுவில் முந்நூறு வருஷம். கல்வெட்டு வெட்டுவதில் சலிக்காத அந்த ராஜா, தன் கல்வெட்டு எதிலும் இதைச் சொல்லவில்லை.

அவன் சொன்னது வேறு. தஞ்சைப் பெரிய கோயிலில் திருப்பதியம் பாட 48 பேர், கொட்ட இரண்டு பேர், ஆளுக்கு தினம் மூன்று குறுணி நெல். அதற்கு ஒரு நூற்றாண்டுக்கு முன்பே, பல்லவர் காலத்தில், திருவல்லம் கோயிலில் திருப்பதியம் பாடுகிறவர்களுக்கு ஏற்பாடு இருந்திருக்கிறது. எல்லாமே பூட்டிய அறைக்குள் முடங்கிக் கிடந்தது என்றால், திருவல்லத்தில் எதைப் பாடினார்கள்?

தேவாரத்தைக் காப்பாற்றியது அறை இல்லை, வாய். வயிற்றுக்கு நெல் அளந்து போட்ட ஏற்பாடு. ஓலை நம்ம ஊர் வெக்கையிலும் மழையிலும் இருநூறு முந்நூறு வருஷம் தாக்குப் பிடித்தாலே அதிகம். மஞ்சள் பூசினாலும் வசம்பு வைத்தாலும் ஒரு நாள் பொடியும். அதற்குள் யாராவது உட்கார்ந்து புது ஓலையில் பெயர்த்து எழுதியாக வேண்டும். முதுகு வலிக்க எழுதிய அந்த ஆட்களின் பேர் எந்த மேடையிலும் வருவதில்லை. ஓலை தானாகவே ஆயிரம் வருஷம் இருந்தது என்று சொல்வது அவர்கள் கூலியை இன்னொரு தடவை அமுக்குவது.

நெல்லிக்குப்பத்துக்காரர்களுக்கு இதைச் சொல்ல வேண்டியதில்லை. இந்தப் பக்கம் பண்ருட்டிக்குப் போனால் அப்பர் பாட ஆரம்பித்த திருவதிகை. அந்தப் பக்கம் கடலூருக்குப் போனால், கல்லைக் கட்டிக் கடலில் தள்ளிய அப்பர் கரையேறியதாகச் சொல்லும் திருப்பாதிரிப்புலியூர். பக்கத்திலேயே கரையேறவிட்டகுப்பம் என்று ஓர் ஊர். எந்த அறையிலும் பூட்டாமல், பஸ் கண்டக்டர் வாயில் இருக்கிறது அந்தப் பேர்.

இன்னொன்று, கல். ஓலையில் தொலைந்துபோன சம்பந்தர் பதிகம் ஒன்று 1917-ல் திருவிடைவாய்க் கோயில் கல்வெட்டில் கிடைத்தது. அப்படியென்றால் மற்றச் சுவர்களில் என்னென்ன இருக்கும்? அந்தச் சுவர்களை நாம் என்ன செய்கிறோம்? திருப்பணி என்ற பேரில் சுண்ணாம்பு அடிக்கிறோம். எனாமல் பெயின்ட் அடிக்கிறோம். ‘உபயம்’ போட்ட டைல்ஸ் ஒட்டுகிறோம். சாண்ட் பிளாஸ்டிங் பண்ணி எழுத்தை மழுங்கடிக்கிறோம். கறையானுக்காவது படிக்கத் தெரியாது.

சுவர் போனாலும் படி இருக்கிறதே என்பீர்கள். கல்வெட்டுகளில் மை ஒற்றி எடுத்த தமிழ்ப் படிகள் ஊட்டியிலிருந்து மைசூருக்குப் போய் அங்கேயே இருந்தன. அவற்றைச் சென்னைக்குக் கொண்டுவர உத்தரவிட உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை 2021 ஆகஸ்டில் தலையிட வேண்டியிருந்தது. அதுவரை எத்தனை பொற்கால மாநாடு, எத்தனை மலர் வெளியீடு!

கடலூர்ப் பக்கம் ஒரு பள்ளிக்கூடம், பேர் வேண்டாம். என் அப்பா சேர்ந்த வருஷத்தைப் பார்க்கப் போனேன். ‘பழைய ரிஜிஸ்டரா? இடம் அடைக்குதுன்னு கிலோ கணக்குல போட்டாச்சு சார்’ என்றார் க்ளார்க். முதல் தலைமுறையாகப் பள்ளிக்கூடம் போன பிள்ளைகளின் பேர், அப்பா பேர், பிறந்த தேதி. அவர்களில் எத்தனையோ பேருக்கு எழுத்தில் இருந்த ஒரே தடயம் அதுதான். பக்கோடா பொட்டலமாகப் போயிருக்கும்.

சொற்பொழிவு முடிந்து கோயிலுக்குப் போனேன். பேச்சாளருக்குப் பொன்னாடை போர்த்திக்கொண்டிருந்தார்கள். பிராகாரச் சுவரில் புதுச் சுண்ணாம்பு வாசம். ட்யூப் லைட் மாட்டிய இடத்தில் கொஞ்சம் பெயர்ந்து, உள்ளே இரண்டு வரி எழுத்து. ‘ஸ்வஸ்தி ஸ்ரீ’ வரைக்கும் படிக்க முடிந்தது. அதற்கு மேலே ஒயர் போகிறது. நிர்வாகியைக் கூப்பிட்டுக் காட்டினேன்.

‘அடடா, கவனிக்கலையே! நாளைக்கே ஆளைவிட்டு இன்னொரு கோட் அடிக்கச் சொல்றேன்’ என்றார்.