தண்ணீருக்கு முன்பே கரையும் முடிவுகள்

1948 மார்ச் மாதம் அமெரிக்காவின் 'அஸ்டவுண்டிங் சயின்ஸ் ஃபிக்‌ஷன்' இதழில் வேதியியல் ஆய்வுக் கட்டுரை ஒன்று வெளிவந்தது. அட்டவணை, வரைபடம், மேற்கோள் பட்டியல் என ஆய்வுக் கட்டுரைக்குரிய இலக்கணங்கள் அனைத்தும் அதில் அமைந்திருந்தன. ஆய்வுப் பொருள் மட்டும் உலகில் இல்லாதது. தயோட்டிமோலின் என்று பெயரிடப்பட்ட அந்தக் கற்பனைச் சேர்மம், தண்ணீர் ஊற்றப்படுவதற்கு 1.12 விநாடி முன்பே கரைந்துவிடும்.

இதை எழுதிய ஐசக் அசிமோவ் அப்போது கொலம்பியா பல்கலைக்கழகத்தில் வேதியியல் முனைவர் பட்ட ஆய்வாளர், வயது 28. அவர் ஆய்வுக்கூடத்தில் கையாண்ட கேட்டக்கால் என்னும் சேர்மம், தண்ணீரைத் தொட்ட மாத்திரத்தில் கரைந்தது. இன்னும் சற்று விரைந்தால் தொடும் முன்னரே கரைந்துவிடுமே என்ற எண்ணத்திலிருந்து கட்டுரை பிறந்தது. ஆய்வேட்டுக்குரிய வறண்ட நடையைப் பழகிக்கொள்ளவும் அது வாய்ப்பாயிற்று. தேர்வாளர்கள் சினம் கொள்வார்களோ என்றஞ்சிப் புனைபெயரில் வெளியிடுமாறு இதழாசிரியர் ஜான் கேம்ப்பெலிடம் அவர் கேட்டிருந்தார். அச்சானதோ சொந்தப் பெயர். அதே ஆண்டு மே மாதம் நடந்த வாய்மொழித் தேர்வின் இறுதியில், தயோட்டிமோலினின் வெப்ப இயக்கவியல் பண்புகள் யாவை என்று ஒரு தேர்வாளர் வினவினார். பட்டம் உறுதி என்பது அக்கேள்வியிலேயே விளங்கிவிட்டது.

ஆய்வாளர்களிடையே இந்நிகழ்ச்சி பெரும்பாலும் சிரிப்பதற்காகவே சொல்லப்படுகிறது. அதன் உட்பொருள் சிரிப்போடு முடிந்துவிடுவதில்லை. விளைவு முந்தி, காரணம் பிந்தி வருவதே தயோட்டிமோலினின் இயல்பு. 1960இல் அசிமோவ் எழுதிய தொடர்ச்சியில் இக்கற்பனை மேலும் ஒரு படி செல்கிறது. சேர்மம் கரைந்த பின்னர் தண்ணீர் ஊற்றாமல் அதை ஏமாற்ற முயன்றால், புயலாகவோ வெள்ளமாகவோ தண்ணீர் எப்படியேனும் வந்து சேர்ந்துவிடும். கரைந்தது கரைந்ததுதான், அதற்குரிய தண்ணீரை இயற்கையே தேடித் தர வேண்டும்.

இயற்கை அவ்வாறு நடப்பதில்லை. மனிதர்கள் நடந்துகொள்கிறார்கள். முடிவு முதலில் உறுதியாகிவிட்டால், அதற்குரிய சான்று எங்கிருந்தாவது வரவழைக்கப்படுகிறது. பெல் ஆய்வுக்கூடத்தின் இயற்பியலாளர் யான் ஹென்ட்ரிக் ஷோன் வியத்தகு கண்டுபிடிப்புகளை அடுக்கடுக்காக வெளியிட்டுப் புகழின் உச்சியில் இருந்தவர். வெவ்வேறு சோதனைகளைப் பற்றிய அவருடைய கட்டுரைகளில் ஒரே வரைபடம் தன் இரைச்சல் அளவுகூட மாறாமல் இடம்பெற்றிருந்தது. விசாரணைக் குழு 2002இல், 24 குற்றச்சாட்டுகளில் 16 முறைகேடுகளை உறுதிசெய்தது. அங்கே சோதனைக்கு முன்பே முடிவு கரைந்திருந்தது. தண்ணீர் பின்னர் புனையப்பட்டது.

இத்தகைய அப்பட்டமான மோசடி அரிது. மென்மையான வடிவம் பரவலானது. தரவைப் பார்த்த பிறகு கருதுகோளை எழுதி, அதை முதலிலேயே எழுதியதாகக் காட்டுவது. பல பகுப்பாய்வுகளைச் செய்து ஒத்துவந்த ஒன்றை மட்டும் அறிவிப்பது. இவற்றைச் செய்பவர் தம்மைப் பொய்யராக எண்ணுவதில்லை. நடைமுறையும் அவரை அத்திசையில் தள்ளுகிறது. முனைவர் பட்ட ஆய்வேட்டை ஒப்படைக்கும் முன் ஓர் ஆய்விதழ்க் கட்டுரையாவது வெளியாகியிருக்க வேண்டும் என்று பல்கலைக்கழக மானியக் குழு 2016இல் விதித்தது. 2022இல் அந்தக் கட்டாயத்தை நீக்கியது. விதி நீங்கினாலும், 'முடிவு வந்ததா' என்று கேட்கும் பழக்கம் துறைகளில் எளிதில் நீங்குவதில்லை. எதிர்பார்த்த முடிவு வராத ஆய்வு தோற்ற ஆய்வாகவே இன்னும் கருதப்படுகிறது.

கோட்பாடு முன்கூட்டியே ஒன்றைக் கணிப்பது அறிவியலின் பெருமையல்லவா என்று கேட்கலாம். பெருமைதான். ஆனால் கணிப்பு தவறுவதற்கு இடம் கொடுத்து நிற்கிறது. முன்முடிவு அந்த இடத்தை அடைத்துவிடுகிறது. கருதுகோள் முந்தலாம், முடிவு முந்தக் கூடாது. இவ்விரண்டையும் பிரித்துக் காட்ட எது எப்போது எழுதப்பட்டது என்னும் காலச்சான்று வேண்டும்.

அதற்கான வழி இந்தியாவிலேயே இருக்கிறது. இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகம் 2007இல் மருத்துவச் சோதனைகளுக்கான தேசியப் பதிவேட்டைத் தொடங்கியது. 2009 ஜூன் முதல் மருந்துச் சோதனைகளை அதில் பதிவுசெய்வது கட்டாயமானது. 2018 ஏப்ரல் முதல், முதல் பங்கேற்பாளரைச் சேர்க்கும் முன்பே பதிவுசெய்யப்படும் சோதனைகளை மட்டுமே அது ஏற்கிறது. எதை அளக்கப்போகிறோம் என்பதைத் தேதியோடு எழுதிவைத்த பின்பு, அளந்தது வேறாக இருந்தால் மறைப்பது கடினம். உளவியல், கல்வியியல், பொருளியல் ஆய்வேடுகளுக்கும் இந்த ஒழுக்கம் பொருந்தும். ஆய்வுச் சுருக்கத்தை ஏற்கும் துறைக்குழு, பகுப்பாய்வுத் திட்டத்தையும் அன்றே பெற்றுத் தேதியிட்டு வைத்தால் போதும். பெருஞ்செலவு எதுவும் இல்லை. எதிர்மறை முடிவுக்கும் பட்டம் உண்டு என்ற உறுதியை நெறியாளர் வாய்விட்டுச் சொல்லவும் வேண்டும்.

அசிமோவின் போலி மேற்கோள்களை உண்மையென நம்பி, நியூயார்க் பொது நூலகத்தில் அந்த இதழ்களைத் தேடிய வாசகர்கள் இருந்தார்களாம். ஆயினும் அவர் யாரையும் வஞ்சிக்கவில்லை. புனைகதை இதழில் புனைகதையாகவே அது வெளிவந்தது. கவலைக்குரியவை, அறிவியல் இதழ்களில் அறிவியலாகவே வெளியாகும் தயோட்டிமோலின்கள்.