டிக் அடித்தால் போதுமா?



"தொட்டில் பழக்கம் சுடுகாடு மட்டும்" என்பார்கள் பெரியவர்கள். இப்போது தொட்டிலுக்கும் சுடுகாட்டுக்கும் நடுவே செல்போன் ஒன்று வந்து உட்கார்ந்துகொண்டது. காலையில் எழுந்தாயா, படித்தாயா, தண்ணீர் குடித்தாயா என்று கேட்டுக் கேட்டுக் கணக்கு வைப்பதற்கென்றே ஆப்கள் வந்துவிட்டன. செய்து முடித்தால் ஒரு டிக். விடாமல் செய்தால் சங்கிலி மாதிரி நாட்கள் நீளும். நம் வகுப்பிலும் பலர் போனில் இது இருக்கிறது. "இது சரியா வேலை பாக்கலடா" என்று புலம்பாதவனும் கிடையாது!

நானும் புலம்பியவன்தான். இரண்டாம் செமஸ்டர் கணக்கில் ஒரு அரியர் விழுந்தது. தினமும் காலை ஐந்து மணிக்கு எழுந்து ஒரு மணி நேரம் கணக்குப் போடுவது என்று சபதம் எடுத்து ஆப்பை இறக்கினேன். ஒரு வருடம் அதோடு மல்லுக்கட்டிய பிறகு எனக்குத் தெரிந்தது இதுதான்: கோளாறில் பாதி போனில் இருக்கிறது. மீதிப் பாதி நம்மிடம் இருக்கிறது. முதல் பாதியைச் சரி செய்வது சுலபம். அதை முதலில் சொல்லிவிடுகிறேன்.

முதல் கோளாறு, மணி அடிக்காதது. ஐந்து மணிக்கு அடிக்க வேண்டியது ஆறரைக்கு அடிக்கும். சில நாள் அடிக்கவே அடிக்காது. குற்றம் ஆப்பின் மீது மட்டும் இல்லை. ஆண்ட்ராய்டில் 2015-இல் வந்த 6-ஆம் பதிப்பிலிருந்தே ஒரு ஏற்பாடு உண்டு. சார்ஜில் இல்லாமல், அசையாமல், திரை அணைந்து போன் வெகுநேரம் கிடந்தால், பேட்டரியை மிச்சப்படுத்த ஆப்களின் வேலைகளைத் தள்ளிப்போடும். டிரங்குப் பெட்டி மேல் ராத்திரி பூராவும் கிடக்கிற போனும் அப்படித்தானே! போதாததற்கு 2022-இல் வந்த 13-ஆம் பதிப்பிலிருந்து, புதிதாக இறக்கும் ஆப் நோட்டிஃபிகேஷன் காட்டவே நம்மிடம் அனுமதி கேட்க வேண்டும். நாம் அவசரத்தில் "வேண்டாம்" என்று அழுத்திவிட்டு, "அடிக்கலையே" என்று திட்டுகிறோம். செட்டிங்ஸில் அந்த ஆப்பைத் திறந்து நோட்டிஃபிகேஷன் அனுமதி, அலாரம் அனுமதி இரண்டையும் பாருங்கள். பேட்டரி என்ற இடத்தில் கட்டுப்பாட்டை எடுத்துவிடுங்கள். ஆப்பை "ஃபோர்ஸ் ஸ்டாப்" செய்யாதீர்கள். செய்தால் மறுபடி நீங்களே திறக்கும்வரை அது செத்த பாம்புதான்.

இரண்டாவது, தேதி மாறுவது. நம் சிவகாசியில் ஆடிப்பெருக்கு அன்று காலண்டர் ஆல்பம் வெளியிட்டால், அதற்குப் பிறகு மார்கழி வரை அச்சகங்களுக்குத் தூக்கம் கிடையாது. சீசனில் நானும் சாயங்காலம் ஒரு அச்சகத்துக்கு வேலைக்குப் போகிறேன். வீடு திரும்ப நள்ளிரவு தாண்டும். பன்னிரண்டரைக்கு உட்கார்ந்து கணக்குப் போட்டு டிக் அடித்தால், ஆப் அதை மறுநாள் கணக்கில் சேர்க்கும். முதல் நாள் காலி! சில ஆப்களில் நாள் எந்த மணிக்கு மாற வேண்டும் என்று நாமே வைத்துக்கொள்ளலாம். விடியற்காலை மூன்று என்று வைத்தேன், தீர்ந்தது.

மூன்றாவது, சங்கிலி அறுந்தால் மனசும் அறுந்து போவது. ஒரே சமயத்தில் பன்னிரண்டு பழக்கம் போட்டு வைத்திருந்தேன். ஒரு நாள் காய்ச்சலில் படுத்தேன். அத்தனையும் பூஜ்யம். "இனிமே என்னத்துக்கு?" என்று ஒரு வாரம் தொடவில்லை. 21 நாளில் பழக்கம் படிந்துவிடும் என்று எல்லோரும் சொல்கிறார்கள். 1960-இல் மாக்ஸ்வெல் மால்ட்ஸ் என்ற அமெரிக்க பிளாஸ்டிக் சர்ஜரி டாக்டர், ஆபரேஷன் செய்துகொண்டவர்கள் தங்கள் புது முகத்துக்குப் பழக குறைந்தது ஏறக்குறைய 21 நாள் ஆகிறது என்று எழுதினார். அது ஊர் ஊராகப் பரவிக் கணக்கே மாறிவிட்டது. லண்டனில் பிலிப்பா லாலியும் அவருடைய குழுவினரும் 96 பேரை 12 வாரம் கவனித்து, 2009-இல் முடிவை வெளியிட்டார்கள். பழக்கம் தானாக வர 18 நாள் முதல் 254 நாள் வரை ஆகலாம், நடுவாக 66 நாள் என்று கணக்கிட்டார்கள். இடையில் ஒரு நாள் தவறினால் பெரிய சேதம் இல்லை என்பதும் அதிலேயே இருக்கிறது. ஆகவே பன்னிரண்டை இரண்டாகக் குறையுங்கள். அறுந்தால் மறுநாளே முடிச்சுப் போடுங்கள்.

நான்காவது, கணக்கே காணாமல் போவது. ஒருநாள் ஆப் திறக்காமல் மக்கர் பண்ணியது. "டேட்டாவைக் கிளியர் பண்ணு, சரியாயிடும்" என்றான் நண்பன். பண்ணினேன். ஆப் சரியானது. 71 நாள் கணக்கு போயே போச்சு! கேஷை அழித்தால் கணக்குக்கு ஆபத்தில்லை. டேட்டாவை அழித்தால் அடியோடு போகும், ஆப்பை நீக்கினாலும் அப்படித்தான். மாதம் ஒருமுறை பேக்கப் கோப்பை எடுத்து உங்கள் மெயிலுக்கே அனுப்பி வையுங்கள்.

இதுவரை சொன்னது போன் கோளாறு. இனி நம் கோளாறு.

அந்த 71 நாள் போனதும் அன்று ராத்திரி எனக்குச் சோறு இறங்கவில்லை. படுத்துக்கொண்டு யோசித்தேன். போனது போகட்டும், அதில் உண்மையாகப் படித்த நாள் எத்தனை? அச்சகத்தில் மெஷின் பக்கத்தில் நிற்கும்போது போனை எடுத்து, புத்தகத்தைத் தொடாமலே டிக் அடித்த நாட்கள் ஒவ்வொன்றாக ஞாபகம் வந்தன. சங்கிலி அறக்கூடாதே! எண்ணிப் பார்த்தால் உண்மையான நாள் முப்பதுகூடத் தேறாது. பரீட்சை ரிசல்ட்டும் அதையே சொன்னது. மறுபடியும் ஃபெயில். இந்தக் கோளாறுக்கு எந்த செட்டிங்ஸிலும் மருந்து கிடையாது.

மருந்து எங்கள் வீட்டிலேயே இருந்தது. அம்மா பட்டாசு ஆலைக்கு வேலைக்குப் போகிறார்கள். மதியச் சாப்பாட்டோடு சர்க்கரை மாத்திரை போட வேண்டும், அடிக்கடி மறந்துவிடும். கெட்டிக்காரத்தனமாக அம்மா போனிலும் அந்த ஆப்பைப் போட்டு, ஒரு மணிக்கு அடிக்க வைத்தேன். அம்மா சிரித்தார்கள். "எய்யா, போன உள்ள கொண்டு போக விடுவாங்களா? அது பாட்டுக்கு வெளிய கெடந்து அடிக்கும். எனக்கு எப்படிக் கேக்கும்?" கைப்புண்ணுக்குக் கண்ணாடியா தேடினேன்! வெடிமருந்து இருக்கிற இடத்தில் செல்போனுக்கு இடமில்லை என்பது இந்த ஊர்ப் பிள்ளை எனக்கே தோன்றவில்லை.

"அப்போ மருந்து அறைக்குள்ள நுழையும்போது தாமிரத் தகடைத் தொடணுமே, அது மட்டும் எப்படிம்மா மறக்கல?" என்று கேட்டேன். உடம்பில் சேர்ந்திருக்கும் நிலை மின்சாரம் இறங்குவதற்காகத் தொடுவது அது. "வாசலைப் பாத்தா கை தானாப் போகும்யா" என்றார்கள். அவ்வளவுதான் விஷயம்! அம்மாவுக்கு மணி அடிப்பது போன் இல்லை, வாசல். லண்டன் ஆராய்ச்சியிலும் தினமும் ஒரே சந்தர்ப்பத்தோடு சேர்த்துத்தான் பழகச் சொன்னார்கள். அன்று முதல் மாத்திரை தூக்குவாளி மூடிக்குள் போகிறது. சோற்றைத் திறந்தால் மாத்திரை கண்ணில் படும். சாயங்காலம் மூடியைப் பார்த்தால் எனக்கும் தெரிந்துவிடும். மூடிக்குப் பொய் சொல்லத் தெரியாது. நானும் கணக்கு நோட்டை அச்சகத்துப் பையிலிருந்து எடுத்து, காலையில் டீ குடிக்கிற திண்ணையில் வைத்தேன். டீ குடித்தால் கணக்கு. அடுத்த செமஸ்டரில் அரியர் போனது.

இதில் ஏன் இவ்வளவு அழுத்தம் என்று கேட்பீர்கள். நண்பர்களே, நாளைக்கு நம்மில் பலர் இந்த மாவட்டத்தின் ஆலைகளிலேயே சூப்பர்வைசராக, போர்மேனாக நிற்கப் போகிறோம். ஒரு அறையில் நான்கு பேருக்கு மேல் இருக்கிறார்களா, எர்த் சரியாக இருக்கிறதா, தண்ணீர் இருக்கிறதா என்று பார்த்துப் பதிவேட்டில் டிக் அடிக்கிற கை நம் கையாக இருக்கும். 2012 செப்டம்பர் 5 அன்று முதலிப்பட்டியில் நடந்த வெடிவிபத்தை நம் பக்கத்தில் யாரும் மறக்கவில்லை. அந்த விபத்துக்கும் பொய் டிக்குக்கும் நான் முடிச்சுப் போடவில்லை. பார்க்காமலே டிக் அடிக்கிற கை, இருபது வயதில் செல்போனில்தான் பழகுகிறது என்று மட்டும் சொல்கிறேன். சொந்தப் போனில் தனக்கே பொய் சொல்கிறவன், அடுத்தவன் உயிர் இருக்கிற பதிவேட்டில் உண்மை எழுதுவானா?

ஆப் வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. என் போனில் இன்னும் இருக்கிறது. இரண்டே பழக்கம். நடுநடுவே காலியான நாட்கள் உண்டு. அந்தக் காலி இடங்களைப் பார்த்தால் இப்போது வெட்கமாக இல்லை. அவை இருப்பதால்தான் மற்ற டிக்குகளை நானே நம்புகிறேன்.

நீங்களும் இன்று ராத்திரி ஆப்பைத் திறந்து கடந்த ஒரு வாரத்தைப் பாருங்கள். பொய் டிக் இருந்தால், முதலில் அதை எடுத்துவிடுங்கள். சரி செய்ய வேண்டியது அங்கேதான் ஆரம்பிக்கிறது.

— மூன்றாமாண்டு மாணவன்,
இயந்திரவியல் துறை